முள்ளுக்குள் குடியிருக்கும் மீன்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கடந்த இதழின் நடுப்பக்கத்தில், நீண்ட கரிய முட்களுக்கிடையே அசையாமல் நிற்கும் ஒரு வெள்ளிநிற மீனின் படம் வெளியாகியிருந்தது. அதைப் பற்றிப் பல வாசகர்கள் எழுதிக் கேட்டிருக்கிறார்கள். அந்த மீனின் பெயர் பங்காய் கார்டினல். வந்த மடல்களுள் பொதுவாக எல்லோருக்கும் பயன்படக்கூடிய கேள்விகளைத் தேர்ந்தெடுத்து, இந்த இதழின் பகுதி முழுவதையும் அந்த ஒரு மீனுக்கே ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி: இந்த மீன் எந்தக் கடலில் வாழ்கிறது? ஆழ்கடல் மீனா, கரையோர மீனா?

பதில்: முற்றிலும் கரையோர மீன். இந்தோனேசியாவின் சுலவேசித் தீவுக்குக் கிழக்கே, நிலநடுக்கோட்டுக்குச் சற்றுத் தெற்கில், பங்காய்த் தீவுக்கூட்டம் இருக்கிறது. பெலெங் என்ற பெரிய தீவும், பங்காய் என்ற தீவும், அவற்றைச் சுற்றிச் சிதறிக் கிடக்கும் சிறுதீவுகளும் சேர்ந்த அந்தக் கூட்டமே இதன் தாயகம். அந்தத் தீவுக்கூட்டம் பரவியிருக்கும் கடற்பரப்பு ஏறத்தாழ 5,500 சதுர கிலோமீட்டர். ஆனால், இந்த மீன் வாழத் தக்க இடம், கரையிலிருந்து சுமார் நூறு மீட்டர் தொலைவுக்குள் அடங்கிவிடும் ஒடுங்கிய விளிம்பு மட்டுமே. அந்த விளிம்புகளை எல்லாம் கூட்டினாலும் 34 சதுர கிலோமீட்டர் அளவுக்குத்தான் தேறும் என்று ஆய்வாளர்கள் மதிப்பிட்டிருக்கிறார்கள். ஓர் உயிரினத்தின் முழு உலகமும் அவ்வளவுதான் என்பதை நினைத்துப் பார்க்கும்போது மனம் திடுக்கிடத்தான் செய்கிறது.

ஆழத்திலும் அது அதிகம் இறங்குவதில்லை. பெரும்பாலான மீன்கள் ஒன்றரை மீட்டர் முதல் இரண்டரை மீட்டர் வரையிலான நீரிலேயே காணப்படுகின்றன. அதாவது, ஓர் ஆள் இறங்கி நின்றால் கழுத்தளவோ, தலைக்குச் சற்று மேலாகவோ இருக்கும் நீர். அலை அடிக்காத விரிகுடாக்கள், கடற்புல் படுகைகள், உடைந்த பவளத் துண்டுகள் பரவிய மணல்தரை, படகுத் துறையின் தூண்களுக்கடியில் உள்ள நிழல் ஆகிய இடங்களில் சிறு கூட்டமாக நின்றுகொண்டிருக்கும்.

முழு வளர்ச்சி அடைந்த மீனும் எட்டு சென்டிமீட்டர் நீளத்தைத் தாண்டுவது அரிது. வெள்ளி உடலில் மூன்று கரும்பட்டைகள் மேலிருந்து கீழாக இறங்குகின்றன. முதல் பட்டை கண்ணை ஊடுருவிச் செல்வதால், கண் எங்கே இருக்கிறது என்றே முதல் பார்வையில் புலப்படாது. பட்டைகளுக்கிடையிலும் துடுப்புகளிலும் வெண்புள்ளிகள் தெறித்திருக்கும். முதுகின் முதல் துடுப்பு குஞ்சம்போல் நிமிர்ந்து நிற்க, இரண்டாம் முதுகுத் துடுப்பும் அடித்துடுப்பும் பின்னோக்கி நீண்டு இழைகளாக முடிகின்றன; வாலோ ஆழமாகப் பிளந்திருக்கும். அந்தக் கரும்பட்டைகளும் நீண்ட துடுப்புகளும் வெளியே வெறும் மணலில் பளிச்சென்று கண்ணில் படும்; முட்களின் நடுவே வந்து நின்றுவிட்டாலோ, பட்டை எது, முள் எது என்று பிரித்தறிய முடியாமல் போகிறது.

கேள்வி: இதை முதலில் கண்டுபிடித்தவர் யார்?

பதில்: அத்தீவுகளின் மீனவர்களுக்கு இது என்றுமே தெரிந்த மீன்தான். அறிவியலுக்கு அறிமுகமான கதையைக் கேட்கிறீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். சுவீடனைச் சேர்ந்த வால்டர் காடர்ன் என்ற ஆய்வாளர் 1920ஆம் ஆண்டு பங்காய் பகுதியில் இதன் மாதிரிகளைச் சேகரித்தார். அவற்றைக் கொண்டு, நெதர்லாந்தின் மீனியல் அறிஞர் கூமன்ஸ் 1933இல் இதைப் புதிய இனமாக விவரித்து, சேகரித்தவரின் பெயரையே இதற்குச் சூட்டினார். அதன்பின் அறுபது ஆண்டுகள் இதைப் பற்றிப் பேச்சே இல்லை. 1990களின் நடுவில் கெரால்ட் ஆலன் என்ற மீனியல் அறிஞர் இதன் வாழ்விடத்தையும் பழக்கங்களையும் மீண்டும் உலகின் கவனத்துக்குக் கொண்டுவந்தார். அந்தக் கவனமே மீனுக்கு வினையாகவும் முடிந்தது. அதைப் பின்னால் பார்ப்போம்.

கேள்வி: கடல் என்பது எல்லாப் பக்கமும் திறந்து கிடக்கும் ஒன்று. ஆற்று மீன் ஓர் ஆற்றோடு நின்றுவிடுவது புரிகிறது. கடல் மீன் ஒரு தீவுக்கூட்டத்தைத் தாண்டாமல் இருப்பது எப்படி? நீந்திப் போனால் ஆகாதா?

பதில்: இந்த மீனைப் பற்றிக் கேட்கத் தக்க கேள்விகளுள் இதுவே தலையாயது என்பதால், சற்று விரிவாகவே சொல்கிறேன்.

பவளப்பாறை மீன்களில் பெரும்பாலானவை, வளர்ந்த பிறகு தாம் பிடித்த இடத்தை விட்டு அதிகத் தொலைவு போவதில்லை. அப்படியிருந்தும் ஒரே இனம் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் பரப்பில் காணப்படுவதற்குக் காரணம், அவற்றின் குஞ்சுப் பருவம். முட்டையாகவோ, முட்டையிலிருந்து வெளிவந்த லார்வாவாகவோ அவை திறந்த கடலில் சில நாட்களோ, சில வாரங்களோ மிதந்து திரிகின்றன. நீரோட்டம் அவற்றை எங்கு கொண்டு சேர்க்கிறதோ, அங்கே பொருத்தமான பாறை கிடைத்தால் இறங்கி வாழத் தொடங்குகின்றன. முட்டைகளைப் பாறையில் ஒட்டிவைத்துக் காவல் காக்கும் கோமாளி மீனின் குஞ்சுகளும் பொரித்தவுடன் மேல்நீருக்குச் சென்று ஒரு வாரத்துக்கு மேல் மிதந்துவிட்டுத்தான் இறங்குகின்றன. கார்டினல் மீன் குடும்பத்தின் மற்ற உறுப்பினர்களும், வாயில் முட்டையை அடைகாத்தாலும், பொரித்த குஞ்சுகளைக் கடலில் விட்டுவிடுகின்றன. ஆக, ஒரு பாறை அழிந்தாலும் வேறெங்கிருந்தோ மிதந்து வரும் குஞ்சுகளால் அது மீண்டும் நிறைய வாய்ப்பு உண்டு.

பங்காய் கார்டினலிடம் இந்த மிதக்கும் பருவமே கிடையாது. முட்டை பொரிந்த பிறகும் குஞ்சுகள் தந்தையின் வாயிலேயே தங்கி, தாயையும் தந்தையையும் அப்படியே சிறிதாக்கிய வடிவத்தில், பட்டையும் துடுப்புமாக வெளியே வருகின்றன. வெளியே வந்த குஞ்சு நேராக அடித்தளத்துக்குப் போய் அங்குள்ள முட்களிலோ பூப்போல் விரியும் கடல் விலங்கான கடல் சாமந்தியின் கைகளிலோ ஒண்டிக்கொள்கிறது. பிறந்த இடத்திலிருந்து சில மீட்டர் தொலைவிலேயே அதன் வாழ்க்கை தொடங்கி, பெரும்பாலும் அங்கேயே முடிந்தும் விடுகிறது. கடல் மீன்களில் இப்படிப்பட்டவை மிகச் சில. ஆஸ்திரேலியாவின் கிரேட் பேரியர் ரீஃப் பவளத்திட்டில் வாழும் ஒரு டாம்செல் மீன் அவற்றுள் ஒன்று.

இனி, நீந்திப் போனால் ஆகாதா என்ற பகுதி. தீவுகளுக்கிடையே ஆழமான, நீரோட்டம் மிகுந்த கால்வாய்கள் குறுக்கிடுகின்றன. இந்த மீனோ மெல்ல நகரும் இயல்புடையது. மறைந்துகொள்ள எதுவும் இல்லாத திறந்த நீரில் இரைகொல்லி மீன்களின் கண்ணில் பட்டால் தப்புவது கடினம். எனவே, எதிர்க்கரை கண்ணுக்குத் தெரியும் தொலைவில் இருந்தாலும் அதற்கு அது எட்டாத நிலமே. மரபணு ஆய்வுகள் இதை வியக்கத்தக்க வகையில் உறுதிப்படுத்தியிருக்கின்றன. சில கிலோமீட்டர் இடைவெளியில் வாழும் இரண்டு கூட்டங்களே தம்முள் கலப்பின்றி, மரபணுவில் பிரித்தறியும் அளவுக்கு வேறுபட்டிருக்கின்றன. கடல் மீன் ஒன்றில் இவ்வளவு குறுகிய தொலைவுக்குள் இவ்வளவு பிரிவு காணப்படுவது அரிதிலும் அரிது.

இதன் விளைவை ஒவ்வொரு வாசகரும் மனத்தில் இருத்த வேண்டும் என்று விரும்புகிறேன். ஒரு சிறு விரிகுடாவில் உள்ள கூட்டத்தை முழுவதுமாகப் பிடித்துவிட்டால், பக்கத்து விரிகுடாவிலிருந்து யாரும் வந்து அதை நிரப்பப் போவதில்லை. அங்கே வாழ்ந்த தனி மரபுவழி அதோடு முடிந்தது. ஆகவே, இந்த மீனைக் காப்பதென்பது ஒவ்வொரு விரிகுடாவையும் தனித்தனியாகக் காப்பதுதான். 'மொத்தத்தில் இத்தனை லட்சம் மீன்கள் மிச்சமிருக்கின்றன' என்ற ஒற்றைக் கணக்கை வைத்துக்கொண்டு மனநிறைவு அடைவதற்கு இடமே இல்லை.

கேள்வி: ஆண் மீன் வாயில் முட்டைகளை வைத்துக்கொண்டிருக்கும் நாட்களில் எப்படி இரை தின்னும்?

பதில்: தின்னாது. ஏறத்தாழ ஒரு மாத காலம் பட்டினிதான்.

இணை சேரும் காலத்தில் முன்முயற்சி எடுப்பது பெண். தான் தேர்ந்துகொண்ட ஆணோடு கூட்டத்திலிருந்து சற்று விலகி, இருவருக்குமான ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டு, மற்ற மீன்கள் நெருங்கினால் விரட்டுகிறது. பெண் வெளியிடும் முட்டைகள் மெல்லிய இழைகளால் பிணைக்கப்பட்டு ஒரே கொத்தாக வெளிவருகின்றன. ஆண் அதை உடனே வாயில் வாங்கிக்கொள்கிறது. கொத்தில் பல பத்து முட்டைகளே இருக்கும். ஆயிரக்கணக்கில் முட்டையிடும் கடல் மீன்களோடு ஒப்பிட்டால் இது மிகக் குறைவு. ஆனால், ஒவ்வொரு முட்டையும் இரண்டரை முதல் மூன்று மில்லிமீட்டர் வரை குறுக்களவு கொண்டது. இவ்வளவு சிறிய மீனுக்கு அது பெரிய முட்டை.

அடைகாக்கும் ஆணை அதன் முகத்தை வைத்தே அடையாளம் காணலாம். கீழ்த்தாடை பை போலத் தொங்கி, வாய் முழுவதும் மூடாமல் சற்றே திறந்திருக்கும். உற்று நோக்கினால் உதட்டிடுக்கில் முட்டைகளின் நிறம் தெரியும், பிந்தைய நாட்களில் குஞ்சுகளின் கண்களும் தெரியும். அவ்வப்போது அது வாயை அசைத்து முட்டைகளைப் புரட்டிவிடுகிறது. பொரிப்பதற்கு ஏறத்தாழ இருபது நாட்கள். பொரித்த பின்னும் பத்து நாட்கள் போலக் குஞ்சுகள் வாயிலேயே வளர்கின்றன. வெளிவிடும்போது ஒவ்வொன்றும் ஒரு சென்டிமீட்டருக்கும் குறைவாகவே இருக்கும்.

வெளியே விட்ட பிறகு தந்தையின் பொறுப்பு அவ்வளவுதான். இன்னும் சொல்லப்போனால், ஒளிந்துகொள்ளத் தவறிய குஞ்சுகளை அதே இனத்தின் பெரிய மீன்களே விழுங்கிவிடுவதுண்டு. கேட்க வருத்தமாக இருந்தாலும், குஞ்சுகளுக்கு முட்களின் மறைவு எவ்வளவு இன்றியமையாதது என்பதை இதிலிருந்து புரிந்துகொள்ளலாம்.

கேள்வி: படத்தில் இருந்த முட்கள் எதனுடையவை? அவை மீனைக் குத்தாதா?

பதில்: அவை நீண்ட முட்களை உடைய ஒருவகைக் கடல் முள்ளெலியினுடையவை. கைப்பந்தளவு கூட இல்லாத கரிய உருண்டை உடலிலிருந்து, அதைவிடப் பல மடங்கு நீண்ட, ஊசி போன்ற முட்கள் எல்லாத் திசையிலும் நீட்டிக்கொண்டிருக்கும். மனிதர் மிதித்துவிட்டால் முள் உள்ளேயே ஒடிந்து பல நாட்கள் வலிக்கும். மீன் அந்த முட்களைத் தொடாமல் அவற்றின் இடைவெளிகளில் நின்று பழகியிருக்கிறது. ஆபத்து என்று உணர்ந்தால் கூட்டம் முழுவதும் முட்களுக்குள் இன்னும் ஆழமாக அடங்கிவிடும். முள்ளெலி மெல்ல ஊர்ந்து இடம் மாறினால் மீன்களும் கூடவே நகரும். பகலில் சற்று மேலெழுந்து, நீரில் மிதந்து வரும் நுண்ணிய ஓட்டுயிரிகளை ஒவ்வொன்றாகக் கொத்தித் தின்றுவிட்டு, மீண்டும் முள்ளுக்குள் இறங்கும். கார்டினல் மீன்கள் பெரும்பாலும் இரவில் இரை தேடுபவை. இது பகலில் தேடுவது அதன் தனித்தன்மைகளுள் ஒன்று.

முள்ளெலி மட்டுமே புகலிடம் என்று எண்ண வேண்டாம். கிளைத்த பவளங்களிலும், அலையாத்தி மரங்களின் வேர்களுக்கிடையிலும் வளர்ந்த மீன்கள் வாழ்கின்றன. குஞ்சுகளோ கடல் சாமந்தியையும் முள்ளெலியையுமே அதிகம் நாடுகின்றன.

கேள்வி: பாலித் தீவிலும் இந்த மீன் இருப்பதாக ஒரு முக்குளிப்பு ஆர்வலர் சொன்னார். அப்படியானால் அழிவு அபாயம் என்பது மிகைப்படுத்தல்தானே?

பதில்: அவர் சொன்னது உண்மைதான். பாலியின் கிலிமானுக் விரிகுடாவிலும், சுலவேசியின் வடமுனையை ஒட்டிய லெம்பே நீரிணையிலும், பாலு விரிகுடாவிலும் இந்த மீன் இன்று காணப்படுகிறது. இவை எவையும் மீன் தானாகச் சென்று சேர்ந்த இடங்கள் அல்ல. அலங்கார மீன் வணிகத்தில் பிடித்துக் கொண்டுபோகும் வழியில் தப்பியவையும், விலைபோகாமல் கடலில் விடப்பட்டவையும் பெருகி அங்கே நிலைத்துவிட்டன.

ஆனால், இதிலிருந்து நீங்கள் வந்தடைந்த முடிவை நான் ஏற்கவில்லை. பங்காய்த் தீவுகளில் விரிகுடாவுக்கு விரிகுடா வேறுபடும் மரபுவழிகளை, கூடைகளில் கலந்து ஏற்றப்பட்ட மீன்களிலிருந்து உருவான கூட்டம் ஒருபோதும் ஈடுசெய்யாது. புதிய இடத்தில் பெருகும் மீன், அங்கே ஏற்கெனவே முட்களையும் சாமந்தியையும் நம்பி வாழும் மற்ற சிறு மீன்களோடு இடத்துக்காகப் போட்டியிடவும் கூடும். ஒரு மீனைப் பாலியில் பார்த்த மகிழ்ச்சி உண்மையானது. அதை அதன் தாயகத்துக்கான ஆறுதலாகக் கொள்வதுதான் பிழை.

கேள்வி: இதைப் பாதுகாக்கச் சட்டம் ஏதும் இல்லையா?

பதில்: உண்டு, ஆனால் தாமதமாகவும் அரைகுறையாகவும் வந்தது. 1990களின் நடுவில் வணிகம் தொடங்கிய சில ஆண்டுகளிலேயே பிடிப்பு ஆண்டுக்குப் பல லட்சமாக உயர்ந்தது. 2007ஆம் ஆண்டு, பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியமான ஐ.யூ.சி.என். அமைப்பு இதை அழியும் நிலையில் உள்ள இனமாகத் தன் செம்பட்டியலில் சேர்த்தது. அப்போது மொத்த எண்ணிக்கை சுமார் 24 லட்சம் என்று மதிப்பிடப்பட்டிருந்தது. அதே ஆண்டு, பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் இதைச் சேர்க்க அமெரிக்கா முன்மொழிந்து, பின்னர் திரும்பப் பெற்றுக்கொண்டது. 2016இல் ஐரோப்பிய ஒன்றியம் மீண்டும் முன்மொழிந்தது. அதுவும் திரும்பப் பெறப்பட்டது. அந்த ஆண்டிலேயே அமெரிக்கா தன் உள்நாட்டுச் சட்டத்தின் கீழ் இதை அச்சுறுத்தலுக்குள்ளான இனமாக அறிவித்தது. இந்தோனேசிய அரசு 2018இல் இதற்கு வரையறுக்கப்பட்ட பாதுகாப்பு வழங்கி, பங்காய்த் தீவுகளில் பிப்ரவரி, மார்ச், அக்டோபர், நவம்பர் ஆகிய மாதங்களில் பிடிப்பதைத் தடை செய்தது.

பிடிப்பைக் கட்டுப்படுத்துவது பாதி வேலைதான். முள்ளெலிகளையும் கடல் சாமந்திகளையும் உணவுக்காகவும் பிற தேவைகளுக்காகவும் அள்ளிச் செல்வதால், ஒரு மீனைக்கூடப் பிடிக்காமலேயே அதன் வீடு காலியாகிவிடுகிறது. வெடிவைத்து மீன் பிடிப்பதும், கட்டுமானத்துக்காகப் பவளத்தை வெட்டியெடுப்பதும், கரையோரக் கழிவுகளும் இதோடு சேர்ந்துகொள்கின்றன. அதனால், மீனின் பெயரை மட்டும் பட்டியலில் எழுதிவிட்டு முள்ளெலியை மறந்துவிடும் எந்தத் திட்டமும் பலன் தராது என்பது என் உறுதியான கருத்து. தீவுகளில் சில ஊர்களின் கடல்பகுதியில் மக்களே முன்வந்து இரண்டையும் சேர்த்துக் காக்க முனைந்திருப்பது நம்பிக்கை அளிக்கிறது.

கேள்வி: ஐயா, நான் உப்புநீர்த் தொட்டி வைத்திருக்கிறேன். இந்த மீனை வாங்கி வளர்ப்பது தவறா?

பதில்: எந்த மீனை வாங்குகிறீர்கள் என்பதைப் பொறுத்தது. கடலில் பிடித்ததை வாங்காதீர்கள். தொட்டியில் பிறந்ததை வாங்குவதில் எனக்கு மறுப்பில்லை. மேலே குறையாகச் சொன்ன அதே இயல்பு இங்கே உதவிக்கு வருகிறது. மிதக்கும் பருவம் இல்லாததால் குஞ்சுகளை வளர்ப்பது ஏனைய கடல் மீன்களை விட எளிது. தந்தையின் வாயிலிருந்து வெளிவந்த அன்றே அப்போது பொரித்த ஆர்ட்டீமியா என்ற நுண்ணிய உப்புநீர் ஓட்டுயிரியைத் தின்னும் அளவுக்கு அவை பெரியவை. இதனால் வணிக அளவிலேயே இதைப் பண்ணைகளில் இனப்பெருக்கம் செய்கிறார்கள்.

கடலில் பிடித்த மீனை வாங்குவதில் வாங்குபவருக்கும் இழப்பு உண்டு. தீவில் கூண்டுகளில் நெருக்கி வைத்து, படகிலும் விமானத்திலும் பலமுறை கைமாறி வரும் இவற்றில் பல வழியிலேயே இறக்கின்றன. பிழைத்து வந்தவற்றிலும் ஒருவகை இரிடோவைரஸ் தாக்குதல் கண்டறியப்பட்டிருக்கிறது. அதற்கு மருந்து இல்லை. உடல் கருத்து, இரை எடுக்காமல், ஒதுங்கி நின்று சில நாட்களில் இறந்துவிடும். எனவே, வாங்குமுன் விற்பனையாளரிடம் மீன் எங்கே பிறந்தது என்று கேளுங்கள். சரியான பதில் கிடைக்காவிட்டால் வாங்காமல் வந்துவிடுங்கள். உங்கள் கண்முன்னே உணவு போடச் சொல்லி, மீன் முன்வந்து தின்கிறதா என்றும் பாருங்கள். தொட்டியில் பிறந்தவை தயக்கமின்றி மேலே வந்து வாங்கும்.

வளர்ந்த ஆண்கள் சிறிய தொட்டியில் ஒன்றையொன்று துன்புறுத்தும் என்பதால், இடம் குறைவாக இருந்தால் ஓர் இணையோடு நிறுத்திக்கொள்வது நல்லது. வாய் தொங்கிய ஆணைக் கண்டால் அதைப் பிடிக்கவோ தொட்டி மாற்றவோ முயல வேண்டாம். கலவரப்பட்டால் முட்டைகளைத் துப்பிவிடும். எக்காரணம் கொண்டும் வேண்டாத மீன்களைக் கடலில் விடாதீர்கள். கடையிலோ, வேறொரு வளர்ப்பாளரிடமோ ஒப்படைத்துவிடுங்கள்.